கீழ்நிலை லீக் முடிவுகளையும் போடுங்கள்

ஆசிரியருக்கு வணக்கம்.

மலேசிய இந்திய இளைஞர்கள் காற்பந்தில் மேலே வருவதில்லை என்று உங்கள் விளையாட்டுப் பக்கத்தில் ஒருவர் குறைப்பட்டிருந்தார். ஏறுவதற்குப் படி எங்கே? நாட்டின் முதல்நிலைப் போட்டியான சூப்பர் லீக்குக்கு அடுத்த படியாக இருந்த மலேசியப் பிரீமியர் லீக் 2022-ஆம் ஆண்டோடு நின்றுபோனது. மிஃபா என்ற மலேசிய இந்தியர் காற்பந்துச் சங்கத்தின் அணியாகத் தொடங்கி, 2019-இல் சூப்பர் லீக் வரை போன பெட்டாலிங் ஜெயா சிட்டியும் அதே 2022-இல் ஒதுங்கிக்கொண்டது. நம் பையன்களுக்கு நன்றாகப் பழகிய கதவு அது.

இப்போது சூப்பர் லீக்குக்குக் கீழே ஏ1 அரைத்தொழில்முறை லீக். அதில் ஆடும் என் அக்கா மகனுக்குப் பகலில் கிடங்கு வேலை, மாலையில் பயிற்சி. அணியில் சம்பளமா? வரும்போது வரும். அதைக்கூடப் பொறுத்துக்கொள்கிறான், ஜெயித்த மறுநாள் ஒரு வரிச் செய்திகூட இல்லாததுதான் அவனுக்கு வலிக்கிறது. மான்செஸ்டர் அணிகளுக்கு அரைப் பக்கம் ஒதுக்குகிறீர்கள், சரி. ஓரத்தில் ஏ1 லீக்கின் கோல் கணக்கையாவது போடக்கூடாதா?

காற்பந்து ரசிகர்,
செந்தூல், கோலாலம்பூர்