வெயில் காலமும் உங்கள் வீட்டு முயலும்

அன்புள்ள வாடிக்கையாளர்களுக்கு வணக்கம்.

போன சித்திரையில், நம் கடையில் முயல் வாங்கிய ஒரு வீட்டிலிருந்து மதியம் இரண்டு மணிக்குப் போன் வந்தது. காலையில் நன்றாகத் தின்ற முயல் உடம்பை நீட்டிப் படுத்துவிட்டது, எழுப்பினாலும் எழவில்லை என்றார்கள். கூண்டு மாடியில் தகர ஷீட்டுக்குக் கீழே இருந்திருக்கிறது. நிழல்தானே என்று நினைத்துவிட்டார்கள். முயல் பிழைக்கவில்லை. விற்கும்போதே நாங்கள் சொல்லியிருக்க வேண்டும். அந்த வருத்தத்தில்தான் இந்த மடல்.

முயலுக்கு நம்மைப் போல வியர்க்காது. நாயைப் போல இரைத்துச் சூட்டைத் தணித்துக்கொள்ளவும் அதற்குச் சரியாக வராது. உடம்புச் சூடு பெரும்பாலும் காது வழியாகத்தான் வெளியே போகிறது. 28 டிகிரியைத் தாண்டினாலே அதற்குச் சிரமம். கிருஷ்ணகிரிக் கோடையில் அந்தச் சூடு காலையிலேயே வந்துவிடுகிறது. கொழுத்தது, சினையாக இருப்பது, அங்கோரா போல முடி அடர்ந்தது எல்லாம் இன்னும் சீக்கிரம் தளரும்.

முடியாமல் போனாலும் முயல் பெரும்பாலும் சத்தம் போடாது. நாம்தான் பார்க்க வேண்டும். காதைத் தொட்டால் அனலாகச் சுடுகிறதா, மூச்சு வேகமாக வாங்குகிறதா, மூக்கைச் சுற்றி ஈரமா, எச்சில் வடிகிறதா? வாயைத் திறந்து மூச்சு விட்டாலோ தள்ளாடினாலோ நிலைமை முற்றிவிட்டது.

உடனே குளிர்ந்த இடத்துக்கு மாற்றுங்கள். சாதாரணத் தண்ணீரில் துணியை நனைத்துக் காதுகளைத் துடைத்துக்கொண்டே இருங்கள். ஐஸ் தண்ணீரில் முக்கவே கூடாது, அந்த அதிர்ச்சியே உயிரை எடுத்துவிடும். வாயில் தண்ணீர் ஊற்றாதீர்கள், புரையேறும். அப்படியே கால்நடை மருத்துவரிடம் தூக்கிக்கொண்டு ஓடுங்கள். தேறிவிட்டது போலத் தெரிந்தாலும் காட்டத்தான் வேண்டும். உள்ளே குடலும் சிறுநீரகமும் கெட்டிருக்கலாம். அப்புறம் தீனி தின்கிறதா, புழுக்கை போடுகிறதா என்றும் கவனியுங்கள்.

இதெல்லாம் வராமல் தடுக்கப் பெரிய செலவில்லை. கூண்டை மாடியிலிருந்து இறக்கி, காற்றோட்டமான தரைத்தளத்தில் வையுங்கள். நம் ஊர்க் கிரானைட் பட்டறைகளில் கழிவுத் துண்டு கிடைக்கும். ஒன்றை நனைத்து உள்ளே போட்டால் முயல் தானாகவே அதன்மேல் போய்ப் படுத்துக்கொள்ளும். பாட்டிலில் தண்ணீரை உறைய வைத்து, துணி சுற்றிப் பக்கத்தில் வைக்கலாம். குடிக்க, கவிழாத மண் சட்டியில் நிறையத் தண்ணீர். ஈரச் சாக்கைத் தொங்கவிடுவதும் நல்லதுதான், ஆனால் கூண்டை முழுக்க மூடிவிட்டால் உள்ளே புழுங்கும்.

இந்த ஆண்டு வைகாசி முடியும்வரை பகல் 11 மணியிலிருந்து 4 மணிவரை நம் கடையில் முயல் விற்பதில்லை. வெளியூரிலிருந்து பஸ்ஸில் வருபவர்கள் தயவுசெய்து காலையில் வாருங்கள்.