நிலா இல்லை, கூடவே வரும் பாறை

அன்புள்ள முருகேசா,

உன் கடிதம் கிடைத்தது. மூத்தவளுக்கு வேலை கிடைத்ததில் எங்கள் வீட்டில் எல்லோருக்கும் சந்தோஷம். அம்மாவுக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது; பேப்பரைத் தானே படிக்கிறாள்.

பூமிக்கு இரண்டாவது நிலா வந்துவிட்டதாமே என்று கேட்டிருந்தாய். அது நிலா இல்லையப்பா. 2025 பிஎன்7 என்கிற, ஏறக்குறைய 20 மீட்டர் பாறை. நம்மைப் போலவே ஒரு வருஷத்தில் சூரியனைச் சுற்றுகிறது. பாதை நீள்வட்டமாக இருப்பதால் ஒரு சமயம் நம்மை முந்தும், ஒரு சமயம் பிந்தும். இங்கிருந்து பார்த்தால் நம்மைச் சுற்றுவது போல இருக்கும். தேருக்குப் பக்கத்தில் நடந்து வருகிறவரைத் தேரா இழுத்துக்கொண்டு போகிறது?

கணக்குப்படி 1960களிலிருந்தே அது நம்மோடு வருகிறது. ஹவாயில் உள்ள பான்-ஸ்டார்ஸ் தொலைநோக்கி அதைக் கண்டுபிடித்தது 2025 ஆகஸ்டில்தான். அப்புறம் பழைய படங்களைத் தேடினால், 2014லேயே பதிவாகியிருக்கிறது! படத்தில் விழுந்தும் யார் கண்ணிலும் படவில்லை.

இதாவது சின்னது. 2020 எக்ஸ்எல்5 என்ற பாறை 1 கிலோமீட்டருக்கும் அதிக அகலம். பூமியின் பாதையிலேயே, நமக்கு முன்னால் போய்க்கொண்டிருக்கிறது. அதுவும் 2020 டிசம்பர் வரை தெரியாது. காரணம், அது இருக்கும் திசை சூரியன் பக்கம். விடிவதற்கு முன் கொஞ்ச நேரம் அடிவானத்தை ஒட்டித் தேட வேண்டும், அதற்குள் வெளிச்சம் வந்துவிடும்.

இந்த இரண்டாலும் நமக்கு இப்போது ஆபத்து இல்லை. ஆனால் இவை நிரந்தரமாக இங்கேயே இருப்பவையும் அல்ல. பிஎன்7 2083 வாக்கில் இந்த நிலையை விட்டு விலகும் என்கிறார்கள். கோள்களின் சின்னச் சின்ன இழுப்பில் பாதை மாறும். சில இரவுகள் பார்த்தால் போதாது, வருஷக்கணக்கில் இடத்தை அளந்தால்தான் அடுத்து எங்கே போகும் என்று சொல்ல முடியும். அதனால்தான் “இதற்கெல்லாம் செலவு வீண்” என்று நீ எழுதியதை என்னால் ஏற்க முடியவில்லை. 2013 பிப்ரவரி 15 அன்று ரஷ்யாவின் செல்யாபின்ஸ்க் மேலே வெடித்ததும் சுமார் 20 மீட்டர் கல்தான். அது இப்படி நம்மோடு கூடவே வரும் பாறை இல்லை, ஆனால் சூரியன் பக்கமிருந்து வந்தது. முன்கூட்டி ஒருவருக்கும் தெரியவில்லை. கண்ணாடி உடைந்து ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் காயப்பட்டார்கள்.

2016இல் கண்டுபிடித்த கமோஓஅலேவா என்ற பாறையும் நம்மோடு வருவதுதான். அதில் பட்டுத் திரும்பும் ஒளி, நிலாப் பாறையில் பட்டுத் திரும்பும் ஒளியை ஒத்திருக்கிறது. நிலாவிலிருந்தே சிதறிய துண்டாக இருக்கலாம். அந்தப் பாறையிலிருந்து மண் எடுத்து வர 2025 மே மாதம் சீனாவின் தியான்வென்-2 விண்கலம் கிளம்பியது. வருஷக்கணக்கில் பின்தொடர்ந்து பாதையைத் தெரிந்துவைத்திருந்ததால்தானே ஒரு விண்கலத்தைக் குறி தவறாமல் அனுப்ப முடிகிறது!

பொங்கலுக்கு ஊருக்கு வருவதானால் முன்பே எழுது. தங்கச்சியை விசாரித்ததாகச் சொல்.

அன்புடன்,
சண்முகம்