ஒரே தொட்டியில் இரண்டு தண்ணீர் வேண்டாம்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

நாகாவதி, வாணியாறு, கேசர்குளி, பாம்பாறு என்று தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களின் இலங்கைத் தமிழர் மறுவாழ்வு முகாம்கள் பலவும் அணையோரத்தில்தான் இருக்கின்றன. ஆனால் இந்தப் பகுதியில் குடிக்கக் கிடைப்பது 2013-இல் தொடங்கிய ஒகேனக்கல் கூட்டுக் குடிநீரும், ஆழ்துளைக் கிணற்றிலிருந்து வரும் போர் தண்ணீரும்தான். ஒகேனக்கல் வரத்து குறையும் நாட்களில் இரண்டையும் ஒரே மேல்நிலைத் தொட்டியில் ஏற்றிவிடுவதுதான் எங்கள் கவலை.

போர் தண்ணீரில் பாறையிலிருந்து கரையும் புளோரைடு, அளவு மீறினால் பிள்ளைகளின் பல்லைக் கெடுக்கும். குடிநீரில் அது லிட்டருக்கு 1 மில்லிகிராமுக்குள் இருக்க வேண்டும். வேறு வழியே இல்லாவிட்டால் 1.5 வரை. போர் தண்ணீரில் 3, ஒகேனக்கல் நீரில் அரை என்று வைத்துக்கொண்டால், பாதிக்குப் பாதி கலந்தாலே 1.75 ஆகிவிடும்.

கொதிக்க வைத்தால் சரியாகிவிடும் என்று நம்பும் தாய்மார் நிறைய. கொதியில் கிருமிதான் சாகும். தண்ணீர் சுண்டச் சுண்ட புளோரைடு அடர்த்தியாகும். 1000 லிட்டருக்கு 4 கிராம் பிளீச்சிங் பவுடர் போடுவதும் கிருமிக்கு மட்டுமே. இதைவிடக் கவனிக்க வேண்டியது நம் வெறுந்தேத்தண்ணி (பால் சேர்க்காத தேநீர்). தேயிலையிலேயே புளோரைடு உண்டு. அதைப் போர் தண்ணீரில் போட்டு மூன்று வயதுப் பிள்ளைக்கும் ஊற்றிக் கொடுக்கிறோம். நிரந்தரப் பற்கள் ஈறுக்குள் உருவாவது 8 வயதுக்குள். அப்போது பட்ட கேடு, பல் முளைக்கும்போதே சுண்ணாம்புக் கோடாகத் தெரியும், பிறகு பழுப்பேறும். கறை என்று நினைத்துச் சாம்பலோ செங்கல்பொடியோ போட்டுத் தேய்த்தால் எனாமலும் தேயுமே தவிர, கோடு போகாது.

ஒகேனக்கல் தண்ணீர் தனியாகக் கிடைக்கும் இடத்தில் ஐந்து பேர் வீட்டுக்கு நாளைக்கு இரண்டு குடம் மூடி வைத்தால் போதும். குடிக்க, தேத்தண்ணிக்கு, உலைக்கு அதுதான். உலையை மறந்துவிடக் கூடாது. அரிசி தண்ணீரை அப்படியே உறிஞ்சிக்கொள்ளும். குளிக்க, துவைக்கப் போர் தண்ணீர் ஆகும். கேழ்வரகும் பாலும் பிள்ளைகளுக்கு நல்லது. சுண்ணாம்புச் சத்து, புளோரைடு உடம்பில் சேர்வதைக் குறைக்கும்.

மற்றதை அதிகாரிகள்தான் செய்ய வேண்டும். பரிசோதனைக்குத் தண்ணீரைத் தொட்டியில் எடுக்காமல் கடைசி வீட்டுக் குழாயில் பிடியுங்கள். அதையும் கோடையில் பிடியுங்கள். புளோரைடு அளவைத் தொட்டிச் சுவரில் எழுதுங்கள். 1990-இல் கடல் கடந்து வந்தவர்களின் பேரப்பிள்ளைகள் இப்போது இந்தத் தண்ணீரைக் குடித்து வளர்கிறார்கள். 2021-இல் முகாம்களுக்கு அறிவித்த 7,469 புதிய வீடுகளில் இங்கே கட்டப்படுபவற்றுக்குக் குழாய் பதிக்கும்போதே, குடிநீருக்கும் புழங்கும் நீருக்கும் தனித்தனி லைன், தனித்தனித் தொட்டி வையுங்கள்.

இப்படிக்கு,
முகாம்வாழ் பெற்றோர்,
தருமபுரி மாவட்டம்