அபராத மின்கட்டணம்: எந்தக் கதவைத் தட்டுவது?

ஆசிரியருக்கு வணக்கம்.

பல்லடம், சோமனூர் பக்கம் விசைத்தறி இணைப்பில் வேறு தொழிலுக்கு மோட்டார் ஓட்டியதாக, மின்சாரச் சட்டம் 2003-ன் 126-வது பிரிவில் மதிப்பீட்டு ஆணை (அபராதக் கட்டணத்தைக் கணக்கிட்டு மின்வாரியம் தரும் ஆணை) வந்தால் உரிமையியல் நீதிமன்றத்துக்கு ஓட வேண்டாம்; 145-வது பிரிவு அதைத் தடுக்கிறது. நுகர்வோர் மன்றமும் இதை விசாரிக்க முடியாது என 2013-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

முதலில் வருவது தற்காலிக ஆணைதான். ஆட்சேபத்தை எழுத்தில் கொடுத்து, நேரில் விசாரிக்கக் கேளுங்கள். தொகை, உரிய கட்டணத்தைப் போல் இரு மடங்கு. எப்போதிருந்து அப்படி ஓட்டினீர்கள் என்று தெரியாவிட்டால், சோதனைக்கு முந்தைய 12 மாதத்துக்கும் சேர்த்துப் போட்டுவிடுவார்கள். பெரும் பணம் போவது இங்கேதான். மோட்டாரை மூன்று மாதம் முன்புதான் வாங்கினீர்கள் என்றால், தேதியுள்ள பில் நகலை ஆட்சேபத்தோடு இணையுங்கள். மோட்டாரின் தகட்டில் உள்ள குதிரைத்திறன்தான் சோதனை அறிக்கையிலும் இருக்கிறதா என்று பார்த்த பிறகே கையெழுத்திடுங்கள்.

இறுதி ஆணை வந்த 30 நாளுக்குள் 127-வது பிரிவில் மேல்முறையீடு செய்யலாம். பாதித் தொகை கட்டிய ரசீது இல்லாமல் மனுவை ஏற்க மாட்டார்கள். அவசரத்தில் 'சம்மதம்' என்று எழுதிக் கொடுத்தால் அந்த வழியும் அடைபடும்.

இந்த விவரங்களை ஆணையிலேயே தமிழில் அச்சிட்டுத் தர மின்வாரியம் முன்வர வேண்டும்.

ஒரு வாசகர், சோமனூர்