லாலியின் பட்டத்தில் ஓர் அயர்லாந்துச் சிற்றூர்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். வந்தவாசிப் போர் (22 ஜனவரி 1760) பற்றிய தங்கள் கட்டுரையில் பிரெஞ்சுத் தளபதியின் பெயர் ‘கவுண்ட்-டி-லாலி’ என்று ஒரே பெயர்போல அச்சாகியிருந்தது. பாடநூல்களில் படித்துப் பழகிய வடிவம்தான். ஆனால் பிள்ளைகள் அதைப் பெற்றோர் வைத்த பெயர் என்றே எண்ணிக்கொள்கிறார்கள். அவர் பெயர் தோமா அர்த்தூர். குடும்பப் பெயர் லாலி. ‘கோம்த்’ என்பது பட்டம். ஆங்கிலத்தில் அது ‘கவுண்ட்’.

அவருக்கு இரண்டு பட்டங்கள்: கோம்த் தெ லாலி, பாரோன் தெ தோலாந்தால். பிரெஞ்சில் ‘உடைய’ என்று பொருள்படும் ‘தெ’ (பாடநூல் வடிவத்தில் ‘டி’) வந்தாலே அடுத்து வருவது ஊர்ப்பெயர் என்று பலர் முடிவுகட்டிவிடுகிறார்கள். பிரெஞ்சுப் பிரபுக்கள் பலருக்கு அது சரிதான். எடுத்துக்காட்டாக, அமெரிக்க விடுதலைப் போரில் பங்கேற்ற பிரெஞ்சுப் பிரபு லஃபாயெத்தின் குடும்பப் பெயர் மோத்தியே. லஃபாயெத் என்பது ஓவெர்ஞ் பகுதியில் அவர் முன்னோருக்கு இருந்த நிலம். லாலிக்கு இந்த விதி பாதிதான் பொருந்தும். முதல் பட்டத்தில் ‘தெ’யை அடுத்து நிற்பது குடும்பப் பெயர். ஊர் இருப்பது இரண்டாவதில்.

அந்த ஊரைப் பிரான்ஸ் வரைபடத்தில் தேடினால் கிடைக்காது. அயர்லாந்தின் கால்வே வட்டாரத்தில், டூயம் நகருக்கு அருகிலுள்ள துலினடேலிதான் அது. ஐரிஷ் மொழியில் ‘துலாக் ந தாலா’: கூட்டம் கூடும் மேடு. இன்றைய அயர்லாந்து நாடாளுமன்றக் கீழவையின் பெயரான ‘டாய்ல்’ இதே சொல்லின் இன்னொரு வடிவம். பிரெஞ்சுக்காரர் வாயில் ஊர் தோலாந்தால் ஆயிற்று. ‘லாலி’யும் ‘ஓ மல்லாலி’ என்ற ஐரிஷ் குலப்பெயரின் சுருக்கமே.

இங்கிலாந்து அரியணையை இழந்த இரண்டாம் ஜேம்ஸ் மன்னர் அதை மீட்க அயர்லாந்தில் போரிட்டுத் தோற்றபின் பிரான்சுக்குப் போய்ச் சேர்ந்த ஐரிஷ் வீரர்களில் லாலியின் தந்தையும் ஒருவர். மகன் 1702இல் தோஃபினே மாநிலத்து ரோமான் நகரில் பிறந்தார். அந்நாளில் பட்டத்து நிலம் என்றால் குத்தகை, மாவு ஆலைக் கட்டணம், ஊர் நீதிமன்றத் தண்டம் என்று பிரபுவுக்கு வருமானம் உண்டு. தோலாந்தாலோ பிரெஞ்சு அரசர் ஆளாத மண். பிரான்சில் அந்தக் குடும்பத்துக்கு மிஞ்சியது ஊரின் பெயர் மட்டுமே. இது தெரிந்தால், ஆங்கிலேயர்மீது லாலிக்கு இருந்த தீராப் பகைக்கும் ஒரு காரணம் புரியும்.

இனி எழுதுவோர் முதல் இடத்தில் ‘தோமா அர்த்தூர் தெ லாலி’ என்றும், பிறகு வெறும் ‘லாலி’ என்றும் எழுதலாம். ஆங்கிலக் ‘கவுண்ட்’டையும் பிரெஞ்சுத் ‘தெ’யையும் ஒட்டவைக்க வேண்டாம். பெயரடைவில் ‘ல’ வரிசையிலேயே சேர்க்க வேண்டும். ‘தெ’யைக் கணக்கில் கொள்வதில்லை. ‘லாலி-தோலாந்தால்’ என்று மட்டும் கண்டால் ஆண்டைப் பார்ப்பது அவசியம். 1761இல் புதுச்சேரியை இழந்து, 1766 மே 9 அன்று பாரிசில் தலை வெட்டப்பட்டவர் தந்தை தோமா அர்த்தூர். அந்தத் தீர்ப்பை எதிர்த்து வழக்காடியவர், 1789இல் வெர்சாயில் கூடிய பிரெஞ்சுப் பேரவையில் பிரபுக்களின் பிரதிநிதியாக அமர்ந்தவர், 1830இல் இறந்தவர் எல்லாம் மகன் த்ரோஃபீம் ஜெரார். இருவரையும் ஒருவராக்கிவிடும் பிழையே அதிகம் கண்ணில் படுகிறது.

இப்படிக்கு,
வாசகர்,
புதுச்சேரி