மிகாமல், குறையாமல்

அன்பு நண்பா,

உன் கடிதம் கிடைத்தது. முழங்கால் வலி தணிந்து மீண்டும் காலை நடைக்குச் செல்கிறாய் என்று அறிந்து மகிழ்ந்தேன். இங்கு அனைவரும் நலம். அசமன்பாட்டை, அதாவது ஓர் அளவு இன்னொன்றைவிடக் கூடவோ குறையவோ இருப்பதைக் குறியால் காட்டும் கணக்கை, கொடுத்தால் உன் பேத்தி சரியாகத் தீர்க்கிறாள், ஆனால் வீட்டுச் செலவுக் கணக்கைக் குறியீட்டில் எழுதச் சொன்னால் தடுமாறுகிறாள் என்று எழுதியிருந்தாய். மாலையில் என்னிடம் படிக்க வரும் பிள்ளைகளும் அங்கேதான் தடுமாறுகிறார்கள்.

தடுமாற்றம் கணக்கில் இல்லை, சொல்லில் இருக்கிறது என்பது என் எண்ணம். ‘செலவு 500 ரூபாய்க்கு மிகாமல்’ என்னும்போது ‘மிகு’ மட்டும் காதில் விழுந்து பிள்ளை > என்று எழுதிவிடுகிறது. ‘குறைந்தது 5 கிலோ அரிசி’ என்றால் ‘குறை’ என்பதைப் பிடித்துக்கொண்டு < போடுகிறது. உண்மையில் முன்னது ≤ 500, பின்னது ≥ 5. ஆகவே குறியை எழுதுமுன், ‘499 செலவானால் அம்மா ஒப்புக்கொள்வாரா, 500 ஆனால், 501 ஆனால்?’ என்று கேட்டுப் பார்க்கச் சொல்கிறேன். சமக்குறியும் சேர வேண்டுமா என்பது நடுக்கேள்வியிலேயே தெளிந்துவிடுகிறது.

அடுத்து மளிகைக்கு வருகிறேன். அரிசி கிலோ 60 ரூபாய், துவரம் பருப்பு 160 ரூபாய், கையில் 1,000 ரூபாய் என்று கொள்வோம். அரிசியை அ கிலோ, பருப்பைப் ப கிலோ என்றால் 60அ + 160ப ≤ 1000. பிள்ளைகள் பலர் இங்கே = போடுகிறார்கள்; பணம் முழுவதும் செலவாகியே தீர வேண்டும் என்று நினைக்கிறார்கள் போலும். வரைபடத்தில் கோட்டை மட்டுமன்றி அதன் கீழுள்ள பரப்பையும் நிழலிடச் செய்து, அந்த நிழல் முழுவதும் வாங்கக்கூடியவை, கோட்டுக்குக் கீழே நின்றால் கையில் மிச்சமும் உண்டு என்று சொல்லும்போது அவர்கள் முகம் மலர்வதைக் காண எனக்கு அவ்வளவு மகிழ்ச்சி. சரியாகக் கோட்டிலேயே நிற்பவர் 3 கிலோ பருப்பு கூடுதலாக வேண்டுமென்றால் 8 கிலோ அரிசியை விட்டுக்கொடுக்க வேண்டும். இரண்டும் 480 ரூபாய். அ ≥ 0, ப ≥ 0 என்பவற்றை யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை, ஆனால் எழுதத்தான் வேண்டும்.

முழுமையாக்கலிலும் கவனம் தேவை. 500 ரூபாயில் ஆட்டோவுக்கு 80 ரூபாய் போக, மிச்சத்துக்கு ஒன்று 43 ரூபாய் விலையுள்ள எழுதும் நோட்டுகளை வாங்கினால் விடை ஏறத்தாழ 9.77. வழக்கம்போல் 10 என்று முழுமையாக்கினால் செலவு 510 ஆகிவிடும்; 9தான் சரி.

இவை சிறுவர் கணக்கு மட்டும் அல்ல. 1945இல் ஜார்ஜ் ஸ்டிக்லர் என்ற பொருளியலாளர் 77 உணவுப் பொருள்களை எடுத்துக்கொண்டு, ஒன்பது சத்துகளும் ‘குறைந்தது இவ்வளவு’ கிடைக்கும்படி ஓர் ஆளின் ஆண்டுச் சாப்பாட்டைக் குறைந்த செலவில் அமைக்க முயன்று, 1939ஆம் ஆண்டு விலையில் 39.93 டாலர் என்று கண்டார். 1947இல், இத்தகைய எல்லைகளுக்குள் மிகக் குறைந்த செலவைத் தேட டான்ட்சிக் என்ற கணிதவியலாளர் வகுத்த சிம்ப்ளெக்ஸ் முறைப்படி ஒன்பது பேர் மேசைக் கணிப்பான்களில் உழைத்துப் பெற்ற மிகச் சரியான விடை 39.69 டாலர். வேறுபாடு 24 சென்ட்தான். இதையும் அவளுக்குச் சொல்.

இந்த மாத மளிகைச் சீட்டை அவளையே அசமன்பாடாக எழுதச் செய்து, அந்தத் தாளை அடுத்த கடிதத்துடன் வைத்து அனுப்பு, திருத்தி அனுப்புகிறேன்.

அன்புடன்,
உன் பழைய வகுப்புத் தோழன்