ஷியாம் ராம்சேவுக்கு, அவருடைய நினைவு நாளில்

மதிப்பிற்குரிய ஷியாம் ராம்சே அவர்களுக்கு,

இந்திப் பேய்ப்படங்களின் இயக்குநரான நீங்கள் 2019 செப்டம்பர் 18 அன்று மறைந்தீர்கள். ஆண்டுதோறும் இந்த நாளில் வரும் கட்டுரைகள் உங்கள் தந்தையின் ரேடியோ கடையில் தொடங்கி, ஏழு சகோதரர்களில் யார் கேமரா, யார் ஒலி, யார் படத்தொகுப்பு என்று சொல்லிவிட்டு, மலிவுப் படங்கள் என்ற ஏளனச் சிரிப்போடு முடியும். அதையெல்லாம் உங்களுக்கே திருப்பிச் சொல்வதில் பொருளில்லை. நான் எழுத வந்தது உங்கள் ‘புரானா மந்திர்’ படத்து அரக்கன் சாம்ரியின் சாபத்தைப் பற்றி.

மும்பையின் செம்பூரில் எங்கள் வீட்டுக் கூடத்தில், வாடகைக்கு எடுத்த விசிஆரில் ‘புரானா மந்திர்’ ஓடிக்கொண்டிருந்தது. படம் வெளிவந்து சில ஆண்டுகள் ஆகியிருந்தன. தன் தலையை வெட்டச் சொன்ன அரசனின் வம்சத்தில் பிறக்கும் பெண்கள் எல்லாம் பிரசவத்தில் சாவார்கள் என்று சாம்ரி சபித்தபோது, நிறைமாதமாக இருந்த என் அண்ணி சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். பாட்டி பதறிப்போய் டிவியை அணைக்கச் சொன்னார். அண்ணி விடவில்லை. “ஓடட்டும் பாட்டி. அவன் ஒழிவதைப் பார்க்காமல் எனக்குத் தூக்கம் வராது” என்றார். குளியல் காட்சி வந்தபோது மட்டும் எழுந்து போய்த் தண்ணீர் குடித்துவிட்டு, மறுபடியும் வந்து உட்கார்ந்து, கடைசிவரை பார்த்தார். அந்த இரவில் அவருக்குத் தேவைப்பட்ட துணிவை எங்களில் யாரும் தரவில்லை. உங்கள் படம் தந்தது. அதற்காக உங்களுக்கு நன்றி சொல்லக் கடமைப்பட்டிருக்கிறேன்.

அண்ணிக்குப் பெண் குழந்தை பிறந்தது. அதற்கு முன்னும் பின்னும் வீட்டில் பேசப்பட்டவற்றை இங்கே எழுத மாட்டேன். இதைப் படிப்பவர்களில் உறவினர்கள் இருக்கிறார்கள்.

நினைவு நாளில் கணக்குக் கேட்பது முறையல்ல என்பது எனக்குத் தெரியும். மன்னித்துவிடுங்கள். ஆனாலும் இறந்தவர்களைப் புகழ்ந்தே தீர வேண்டும் என்ற விதி பேய்ப்படம் எடுத்தவருக்குப் பொருந்தாது என்று எனக்கே ஒரு சமாதானம் சொல்லிக்கொண்டு கேட்கிறேன். 1984இல், ‘புரானா மந்திர்’ படத்தில், அரசன் கொடுத்த தண்டனைக்கு அவன் குலத்துப் பெண்கள் உயிரை விட்டார்கள். 1988இல், ‘வீரானா’வில், சித்தப்பா சூனியக்காரியைப் பிடித்துக் கொடுத்ததற்கு அண்ணன் மகள் ஜாஸ்மின் பேய் பிடித்து அலைந்தாள். 1990இல், ‘பந்த் தர்வாசா’வில், பிறப்பது ஆண் என்றால் தாய்க்கு, பெண் என்றால் நெவ்லா என்ற காட்டேரிக்கு என்று பேரமே நடந்தது. வாளெடுத்தவன் ஒருவன், விலை கொடுத்தவள் வேறொருத்தி. நாட்டில் இருந்ததைத்தானே காட்டினோம் என்று நீங்கள் சொல்லக்கூடும். காட்டினீர்கள், ஒப்புக்கொள்கிறேன், காட்டிய கையோடு அதே பெண்களை நனையவைத்து டிக்கெட்டும் விற்றீர்கள்.

இருந்தாலும் உங்களை வெறுக்க என்னால் முடிவதில்லை. ரூர்க்கியில் பொறியியல் படித்த, சாம்ரியாக நடித்த அனிருத் அகர்வாலின் நெடிய உருவத்தைப் பார்த்து, இந்த முகத்துக்கு முகமூடி எதற்கு என்று முடிவெடுத்த கண்ணை எப்படி வெறுப்பது? 1972இல் ‘தோ கஸ் ஜமீன் கே நீச்சே’ படத்துக்காகக் குடும்பத்தையே மகாபலேஷ்வருக்கு அழைத்துப் போய், அரசு விருந்தினர் விடுதியில் தங்கவைத்துப் படம்பிடித்த துணிச்சலை நினைத்தால் இப்போதும் சிரிப்பும் மரியாதையும் சேர்ந்தே வருகின்றன. அந்தப் படப்பிடிப்பில் அத்தனை பேருக்கும் சமைத்துப் போட்டவர்கள் உங்கள் வீட்டுப் பெண்கள்தாம். ஏழு சகோதரர்களின் கதையில் அவர்களுடைய பெயர்களை நான் இன்னும் தேடிக்கொண்டிருக்கிறேன்.

அன்று அண்ணியின் வயிற்றில் இருந்தவள் இப்போது உங்கள் படங்களை, குளியல் காட்சிகளை ஓட்டிவிட்டு, ரசித்துப் பார்க்கிறாள். அவளுக்காகவாவது சாம்ரி அந்த அரசனையும் அவன் ஆண் வாரிசுகளையும் சபித்திருக்கலாம். உங்களுக்கு ஒரு ரூபாய்கூடக் கூடுதலாகச் செலவாகியிருக்காது.

இப்படிக்கு,
செம்பூரிலிருந்து ஒரு ரசிகை